பல் போனவனின் கேசட்

நம் வயதுக்காரர்கள் கூடி உட்கார்ந்து கேசட்டைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் ஆளுக்கொரு பாட்டைச் சொல்வார்கள். முதன்முதலில் வீட்டுக்கு வந்த பாட்டு, யாருக்கோ கொடுப்பதற்காகப் பதிவு செய்த பாட்டு, அப்பாவிடம் அடி வாங்கித் தந்த பாட்டு. என் பங்குக்கு எனக்கும் ஒரு கேசட் உண்டு. ஆனால் அதில் பாட்டே கிடையாது. ஒரு ட்ரம்பெட்காரரும் அவருடைய கூட்டாளிகளும் இரண்டு பக்கமும் வாசித்துக்கொண்டே இருப்பார்கள். பாட்டு மட்டும் கடைசி வரை வராது. ஒரு வருடம் மாசியிலிருந்து வைகாசி வரை எங்கள் வீட்டில் அதைத் தவிர வேறு எதையும் நாங்கள் கேட்கவில்லை.

அந்த வகைக்கு ஃப்ரீ ஜாஸ் என்று பெயர் இருப்பது இப்போது தெரியும். அப்போது எங்களுக்கு அது ஒரு வைத்தியம்.

தொண்ணூறுகளின் தொடக்கம். காஞ்சிபுரத்தில் பிள்ளையார்பாளையம் பக்கம் ஒரு வீட்டின் பின்கட்டில் குடியிருந்தோம். தெருவில் எல்லா வீட்டிலும் தறி. எங்கள் வீட்டில் மட்டும் இல்லை. அம்மா பக்கத்து வீடுகளுக்குத் தார் சுற்றித் தருவார். புடவைக்குக் குறுக்கே ஓடுகிற பட்டு இழையைச் சின்னக் குழலில் சுற்றி வைப்பதுதான் தார். ராட்டையைச் சுற்றுகிற கை நிற்காமலேயே பேசுவார், திட்டுவார், சிரிப்பார். அப்பா ஒரு பேண்டு செட்டில் முதல் ட்ரம்பெட்.

முதல் ட்ரம்பெட் என்றால் என்னவென்று கல்யாண ஊர்வலம் பார்த்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. டிரம்காரர்கள் நடக்க வைப்பார்கள், கிளாரினெட் இடையில் குழைந்துகொள்ளும். ஆனால் பாட்டின் வார்த்தைகளை ட்ரம்பெட்தான் சொல்ல வேண்டும். அப்பா ஊதினால் தெருவில் நிற்பவர்களின் உதடு தானாக அசையும். சிவப்புக் கோட்டு, மஞ்சள் சரிகைப் பட்டை, தொப்பி, யாருடைய காலுக்கோ வாங்கிய ஷூ. வீட்டில் ட்ரம்பெட்டை அவர் ஒரு பட்டுத் துண்டில் சுற்றி வைத்திருந்தார். தறியில் இழை அறுந்து வீணாகிப் போன துண்டு, யாரோ கொடுத்தது. பிரித்தால் பித்தளையும் தேங்காய் எண்ணெயும் எச்சிலும் கலந்த ஒரு வாசனை வரும். எனக்கு அப்பாவின் வாசனை என்றால் அதுதான்.

தை மாதத்தில் ஒரு மாப்பிள்ளை அழைப்பு. செட் முன்னால் நடக்கும், மாப்பிள்ளையின் திறந்த கார் பின்னால் ஊர்ந்து வரும். மாப்பிள்ளையின் சிநேகிதர்கள் அப்பாவைத் தோளைப் பிடித்துத் திருப்பி, காரைப் பார்த்து ஊதச் சொல்லியிருக்கிறார்கள். அவரும் பின்னோக்கி நடந்துகொண்டே ஊதியிருக்கிறார். கார் ஓட்டியவருக்குக் கிளச்சில் கால் வழுக்கியது. வண்டி ஒரு முழம் தாவியது. ட்ரம்பெட்டின் அகன்ற முனை காரில் இடிக்க, மறுமுனை அப்பாவின் வாயில் இடித்தது. மேல்வரிசையில் முன்பல் இரண்டும் போயின.

சைட் டிரம் அடிக்கிற அண்ணன்தான் அப்பாவை வீட்டுக்குக் கூட்டிவந்தார். கைக்குட்டையில் முடிந்து வைத்திருந்ததை அம்மாவிடம் நீட்டினார்.

"அண்ணி, ஒரு பல்லுதான் கெடச்சுது. இன்னொண்ணு கார் சக்கரத்துல மாட்டிக்கினு பூட்டுது போல. நானும் டார்ச்சு அடிச்சுத் தேடினேன்."

"கெடச்சத வெச்சிக்கினு மட்டும் இன்னா பண்றது? திருப்பி நட்டு வெக்கவா?" என்றார் அம்மா. ஆனால் பல்லை எறியவில்லை. அறுந்த சரிகை போட்டு வைக்கிற தகர டப்பாவில் அதையும் போட்டு மூடினார்.

வாய்ப்புண் ஆறிய பிறகு அப்பா ட்ரம்பெட்டை எடுத்தார். காற்றுதான் வந்தது. உதடு சாய்ந்துகொள்ளப் பின்னால் ஒன்றும் இல்லை என்பதால் உதட்டில் வைத்து ஊதுகிற மவுத் பீஸை அழுத்தினால் உதடு உள்ளே போனது. கீழ்ச்சுரங்கள் இரண்டு மூன்று, எருமை கத்துவதுபோல் வந்தன. மேலே ஏறினால் ஒன்றும் இல்லை. பல் டாக்டர் கட்டிக் கொடுத்த பல் சாப்பிடவும் சிரிக்கவும் உதவியது. ஊதினால் ஆடியது.

மாஸ்டர் ஒருநாள் காலையில் வந்தார். அவர்தான் செட்டுக்கு முதலாளி, கிளாரினெட்டும் அவர்தான். கெட்ட மனிதர் இல்லை. வரும்போது எனக்கு ரொட்டி வாங்கி வந்தார்.

"இன்னாய்யா, பல்லு கட்டிக்கினியே, வாய் வந்துச்சா?"

"ஊதினா ஆடுது மாஸ்டர்."

"அரக்கோணத்துல ஒரு பையன் இருக்கான். அவன வெச்சி ஓட்டுறேன். நீ கோட்ட மாட்டிக்கினு வா. வாசிக்க வாணாம். சும்மா வாய்ல வெச்சிக்கினு நட."

அப்பா கட்டிய பல்லை நாக்கால் அசைத்துப் பார்த்தார்.

"வைகாசி முகூர்த்தம் முடியறதுக்குள்ள வாய் வந்துச்சின்னா உன் எடம் உனுக்கு. வரலன்னா அந்தப் பையனே இருந்துக்கட்டும். நான் வேற இன்னா சொல்றது, நீயே சொல்லு."

மாஸ்டர் கொடுத்த வேலைக்கு டம்மி என்று பெயர். பத்துப் பேர் செட் என்று பேசியிருந்தால் தெருவில் பத்துக் கோட்டு தெரிய வேண்டும். வாசிக்கத் தெரிந்தவர்கள் ஏழு பேர்தான் இருப்பார்கள். மிச்சத்துக்குச் சும்மா இருக்கிற ஆட்களைப் பிடித்துக் கோட்டு மாட்டி, கையில் ஒரு வாத்தியத்தைக் கொடுத்து, கன்னத்தை உப்பிக்கொண்டு நடக்கச் சொல்வார்கள். தவறிச் சத்தம் வந்துவிடக் கூடாது என்று வாத்தியத்தின் வாய்க்குள் துணியை அடைத்துவிடுவதும் உண்டு. அப்பா போன்ற ஒருவர் டம்மியாக நின்றால் பழக்கதோஷத்தில் ஊதிவிடுவார் என்று மாஸ்டர் பயந்திருக்க வேண்டும். அப்பாவின் சொந்த ட்ரம்பெட்டுக்குள்ளேயே துணி போனது.

அப்போது எனக்கு டம்மி விஷயம் தெரியாது, அப்பாவுக்கு வாய் வந்துவிட்டது என்றே நினைத்தேன். மாசியில் ஒரு ஊர்வலம் எங்கள் தெரு முனையைத் தாண்டிப் போனபோது ஓடிப்போய்ப் பார்த்தேன். கடைசி வரிசையில் அப்பா. கண்ணை மூடி, கன்னத்தை உப்பி, விரல்கள் பொத்தான்களில் பாட்டுக்குச் சரியாக ஓட, தலையை ஆட்டி ஆட்டி ஊதிக்கொண்டு போனார். பாட்டு பிரமாதமாக இருந்தது. அவர் வீடு திரும்பியதும் சொன்னேன், "சூப்பரா வாசிச்சப்பா." அவர் பட்டுத் துண்டை விரித்து, ட்ரம்பெட்டை மடியில் வைத்து, உள்ளேயிருந்து துணியை மெதுவாக இழுத்து எடுத்துக் காய வைத்தார்.

அந்த மாதமே நான் பள்ளிக்கூடம் போவது நின்றது. டம்மிக்குக் கிடைப்பதில் வீடு நடக்காது, அம்மாவுக்கு இன்னொரு ராட்டை ஓட்ட ஆள் வேண்டும். கணக்கு வகுப்பைவிட ராட்டை மேல் என்று எனக்குத் தோன்றியது. இப்போதும் அப்படித்தான் தோன்றுகிறது.

கேசட்டைக் கொண்டுவந்தவர் அம்மாவின் அண்ணன், என் மாமா. ஆட்டோ ஓட்டினார். வெள்ளைக்காரர்களைக் கோவில் கோவிலாகக் கூட்டிக்கொண்டு போய், கடைசியில் பட்டுக்கடை வாசலில் இறக்கிவிடுவது அவர் தொழில். யாரோ ஒருவர் பின்சீட்டில் விட்டுவிட்டுப் போன கேசட்.

"மாப்ள, உன் வாத்தியம்தான். படத்தப் பாரு" என்று அப்பாவிடம் நீட்டினார்.

பெட்டிக்குள் இருந்த தாளில் தண்ணீர் பட்டு எழுத்தெல்லாம் கரைந்திருந்தது. படம் மட்டும் மிச்சம். ஒரு கறுப்பு மனிதர், முகத்தைச் சற்றுத் திருப்பி, கண்ணை மூடி ட்ரம்பெட்டை வாயில் வைத்திருந்தார்.

ரேடியோவும் டேப்பும் சேர்ந்த பெட்டியான டூ-இன்-ஒன்னில் போட்டோம். முதலில் ஒரு பெரிய வாத்தியம், தாழ்ந்த குரலில் உறுமியது. பிறகு டிரம், ஆனால் தாளமாக இல்லை, யாரோ பாத்திரம் அடுக்குவதுபோல். அதன்மேல் ட்ரம்பெட் ஏறியது, வழுக்கியது, இரண்டாகப் பிளந்தது, திரும்ப ஏறியது. கச்சேரிக்கு முன்னால் சுதி சேர்ப்பார்கள் இல்லையா, அதுதான் நடக்கிறது என்று நினைத்தோம்.

"இரு, இப்ப ஆரம்பிச்சிடுவாங்க" என்றார் மாமா.

காத்திருந்தோம். அம்மா ராட்டையைக்கூட மெதுவாகச் சுற்றினார். ஒரு பக்கம் முழுக்க ஓடி, பட்டன் டக்கென்று மேலே வந்தது.

"அவ்ளோதானா?" என்றார் அப்பா.

"அந்தப் பக்கம் போட்டுப் பாரு மாப்ள. பாட்டு அதுல இருக்கும்."

அதிலும் இல்லை. வெயிலில் கிடந்து சுருள் வீணாகிவிட்டது என்று மாமா தீர்ப்புச் சொன்னார். அப்பாவுக்கு மனசு கேட்காமல் பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் பாட்டுப் பதிவு செய்கிற கடைக்குக் கொண்டுபோனார். கடைக்காரர் தன்னுடைய பெரிய பெட்டியின் ஹெட்டை ஸ்பிரிட் போட்டுத் துடைத்து, அதில் போட்டுக் கேட்டுவிட்டுத் திருப்பிக் கொடுத்தார்.

"கேசட்டு நல்லாத்தாண்ணா இருக்குது. ஆளுங்கதான் சரியில்ல."

மறுநாள் மத்தியானம் அப்பா தனியாக அதைப் போட்டு, பெட்டியின் பக்கத்தில் தலையைச் சாய்த்துப் படுத்திருந்தார். நானும் அம்மாவும் ராட்டையில் இருந்தோம். திடீரென்று எழுந்து உட்கார்ந்தார்.

"ஏய், இங்க வா. இதக் கேளு."

"கை வேலையா இருக்குது. அங்கேர்ந்தே சொல்லுங்க" என்றார் அம்மா.

"காத்து போவுது கேட்டியா? தே, இங்க. புஸ்ஸுனு." ஓட்டி, நிறுத்தி, திரும்ப ஓட்டினார். "இவனுக்கும் மேல்பல்லு இல்ல."

அம்மா ராட்டையை நிறுத்தினார். அவர் நிறுத்தி நான் பார்த்தது அபூர்வம்.

அப்பா படத்தை எடுத்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். "பாரு. நடுவுல வெக்கல. ஓரத்துல வெச்சிருக்கான். அதான் சூட்சுமம்."

அவர் காட்டிய இடத்தில் மவுத் பீஸ் உண்மையாகவே வாயின் ஓரத்தில்தான் இருந்தது. எனக்கும் தெரிந்தது.

"பாவம்" என்றார் அம்மா. "அவன் மேல யாரு கார ஏத்துனது?"

அன்றிலிருந்து அந்தக் கேசட்டுக்கு வீட்டில் ஒரு கதை வந்துவிட்டது. கதையைச் சொன்னவர் அப்பா. அந்த மனிதருக்குப் பாட்டு தெரியும், நன்றாகவே தெரியும். வாய்தான் விடமாட்டேன் என்கிறது. ஒவ்வொரு தடவையும் எட்டிப் பிடிக்கப் போகிறார், பல் இல்லாத இடத்தில் காற்று கழன்றுகொள்கிறது, விழுகிறார், சுற்றிக்கொண்டு வேறு பக்கமாக ஏறிப் பார்க்கிறார். கூட வாசிப்பவர்களைப் பற்றியும் அப்பாவுக்கு ஒரு அபிப்பிராயம் இருந்தது.

"கூட இருக்கறவனுங்க நல்லவனுங்க. இவன உட்டுட்டு எவனும் பாட்டுக்குப் போவல பாரு. இவன் உழற எடத்துல அவனுங்களும் நிக்கறானுங்க."

இரண்டாம் பக்கத்தில் ஓரிடம் உண்டு. ட்ரம்பெட் மேலே மேலே போய், உச்சியில் நூல் அறுந்ததுபோல் நிற்கும். ஒரு மூச்சு சும்மா இருக்கும். பின்னால் யாரோ ஒருவர் லேசாக இருமுவது கேட்கும். அப்புறம் ட்ரம்பெட் அடியிலிருந்து, வெறும் காற்றாக, திரும்ப வரும். அந்த இருமல் வரும் இடத்தை அப்பா எத்தனை தடவை ஓட்டியிருப்பார் என்று தெரியாது. "உழுந்துட்டான். இப்ப எழுந்துப்பான் பாரு" என்பார், ஒவ்வொரு தடவையும், அப்போதுதான் முதல்முறை கேட்பவர்போல.

வீட்டில் ஊத முடியாது. நெய்கிறவர்கள் கவனம் கெட்டு இழையை விட்டால் பொல்லாப்பு. ஓரிக்கைப் பக்கம் பாலாற்றுக்குப் போனோம். சைக்கிள் கேரியரில் டூ-இன்-ஒன்னை அப்பா பழைய டியூபால் கட்டியிருப்பார், நான் முன்கம்பியில். பல் போன மனிதர் ஆற்றில் தனியாக உட்கார்ந்திருப்பது அம்மாவுக்குப் பிடிக்கவில்லை. அதனால்தான் என்னை அனுப்பினார் என்று பிறகு ஒருநாள் சொன்னார். எனக்கு அது ராட்டையிலிருந்து விடுமுறை.

ஆற்றில் தண்ணீர் கிடையாது. மணல்தான். பேட்டரியைச் சூடான மணலில் புதைத்து வைத்து எடுத்தால் இன்னும் கொஞ்சம் ஓடும். அப்பா கட்டிய பல்லைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, மவுத் பீஸை இடது ஓரத்தில் வைத்து, கேசட்டில் அந்த மனிதர் விழுகிற இடங்களிலெல்லாம் தானும் விழுந்து பழகினார். நாக்கை எங்கே வைத்துக் காற்றை அடைப்பது, உதட்டை எவ்வளவு இழுப்பது என்று அவருக்குள் ஏதோ கணக்கு ஓடியது. வந்த சத்தம் என்னவோ கன்றுக்குட்டியை யாரோ மிதித்ததுபோல் இருந்தது.

லாரியில் மணல் ஏற்றுகிறவர்களுக்கு நாங்கள் நல்ல பொழுதுபோக்கு.

"இன்னாண்ணா, காலைலேர்ந்து வாசிக்கிற. யாரு பூட்டாங்க?"

"இன்னும் யாரும் பூவலபா. நீ இப்டியே நின்னுக்கினு இரு, ஓனரு வந்து உன்னக் கொல்லட்டும். அப்ப உனுக்கு வாசிக்கிறேன்."

பங்குனி முடிவதற்குள் இடது உதட்டோரத்தில் வட்டமாக ஒரு புண் வந்தது. அம்மா தேங்காய் எண்ணெய் தடவிவிடுவார். சித்திரையில் புண் காய்த்துத் தழும்பானது. மேலே போகிற சுரங்கள் ஒன்றிரண்டு வரத் தொடங்கின, நிலையாக இல்லாமல், வந்தவை போய்விடும் என்பதுபோல். சித்திரைக் கல்யாணங்களிலெல்லாம் அப்பா டம்மியாகத்தான் நடந்தார். அரக்கோணத்துப் பையன் நன்றாக வாசித்தான். மாஸ்டர் அவனுக்குப் புது ஷூ வாங்கிக் கொடுத்துவிட்டார் என்று சைட் டிரம் அண்ணன் வந்து சொன்னார். அன்று அப்பா சரியாகச் சாப்பிடவில்லை.

வைகாசி. சின்ன காஞ்சிபுரத்தில் வரதராஜர் உற்சவம் நடந்துகொண்டிருந்த நேரம். தெருவெல்லாம் கோலமும் ஜனமும். மாஸ்டர் கெடு வைத்த வைகாசி முகூர்த்தத்தின் கடைசிக் கல்யாணம் அந்தப் பக்கத்தில் இருந்தது. அம்மா என்னைச் சாமி பார்க்க என்று கூட்டிக்கொண்டு போனார். மாப்பிள்ளை அழைப்பு வருகிற தெருவில் போய்த்தான் நின்றோம்.

விளக்கு வைத்துக் கொஞ்ச நேரம் இருக்கும். ஊர்வலம் வந்தது. அரக்கோணத்துப் பையன் அன்று மத்தியானமே வேறொரு விசேஷத்துக்கு ஊதிவிட்டு வந்திருக்கிறான். உதடு வீங்கியிருந்தது தூரத்திலிருந்தே தெரிந்தது. எங்களைத் தாண்டுவதற்கு முன்பே பாட்டின் நடுவில் ட்ரம்பெட்டை வாயிலிருந்து எடுத்துவிட்டான். புறங்கையால் உதட்டைத் துடைத்தான், ரத்தம். டிரம் போய்க்கொண்டிருந்தது, பாட்டு நின்றுவிட்டது. மாப்பிள்ளையின் சிநேகிதர்கள் தூக்கிய கையை இறக்காமல் திரும்பிப் பார்த்தார்கள்.

"ட்ரம்பெட்டு எங்கய்யா? காசு வாங்கினு தூங்கறீங்களா?"

மாஸ்டர் கிளாரினெட்டால் சமாளிக்கப் பார்த்தார். அந்தக் கூச்சலில் அது கேட்கவே இல்லை.

கடைசி வரிசையில் அப்பா ட்ரம்பெட்டுக்குள் இரண்டு விரலை விட்டுத் துணியை இழுத்தார். அதைக் கோட்டுப் பையில் போட்டார். பிறகு கட்டிய பல்லைக் கழற்றி அதே பையில் போட்டார். மவுத் பீஸை ஓரவாய்க்குக் கொண்டுபோனார். அம்மா என் மணிக்கட்டைப் பிடித்தது இன்னும் நினைவிருக்கிறது, கையில் பட்டு நூல் அறுத்த காய்ப்பு.

முதலில் காற்று வந்தது. பிறகு ஒரு சுரம் வந்து உடைந்தது. மேலே போனார், வழுக்கினார், பாட்டின் அடுத்த வரிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் போய் முட்டினார். எந்தப் பாட்டு என்று ஒருவருக்கும் தெரிந்திருக்காது. டிரம்காரர்கள் தடுமாறினார்கள். சைட் டிரம் அண்ணன் மட்டும் திரும்பி அப்பாவின் முகத்தைப் பார்த்தார். பார்த்தபடியே அடியை மாற்றி, அப்பா நிற்கிற இடத்தில் நின்று, ஓடுகிற இடத்தில் ஓடினார். மற்றவர்கள் ஆளுக்கொரு பக்கமாக வந்து சேர்ந்துகொண்டார்கள். சிநேகிதர்கள் ஆடத் தொடங்கினார்கள். அவர்கள் எதற்கும் ஆடியிருப்பார்கள்.

"இன்னா பாட்டுபா இது?" என்று எங்கள் பக்கத்தில் நின்ற பெரியவர் கேட்டார்.

"புதுப் படமா இருக்கும் தாத்தா" என்றான் ஒரு பையன்.

அம்மா எனக்கு மட்டும் கேட்கிற மாதிரிச் சொன்னார். "அந்தக் கேசட்டுதான். நம்ம தெருவுல எல்லாத் தறியும் ஒண்ணா ஓடுற மாதிரியே இருக்குது." ஒவ்வொரு தறிக்கும் ஒரு வேகம், ஒன்றுக்கொன்று சம்பந்தமில்லாமல், ஆனால் எல்லாம் சேர்ந்து தெருவின் சத்தம். எங்கள் ஊரில் பிறந்தவர்களுக்கு அதற்குமேல் விளக்க வேண்டாம்.

அந்தத் தெரு முழுக்க அப்படியே போனது. தெரு திரும்புகிற முனையில், கோவில் மதில் தெரிகிற இடத்தில், அப்பா பாட்டைப் பிடித்தார். பிடித்த பிறகு விடவில்லை. அந்த வருடம் எல்லாக் கல்யாணத்திலும் வாசித்த சினிமாப் பாட்டு. முதல் வரியை முழுசாகச் சொன்னார், உச்சியையும் சொன்னார். தெருவில் நின்றவர்களின் உதடு அசைந்தது.

மண்டப வாசலில் மாஸ்டர் வந்து அப்பாவின் வாயைத் தொடாத குறையாகப் பார்த்தார்.

"யோவ், நடுவுல இன்னாய்யா வாசிச்ச?"

"வாய் சூடாவணும்ல மாஸ்டர்."

மாஸ்டர் சிரித்தார். அடுத்த முகூர்த்தத்தில் அப்பா முன்வரிசைக்கு வந்தார். அரக்கோணத்துப் பையன் இரண்டாம் ட்ரம்பெட்டாகக் கொஞ்ச நாள் இருந்துவிட்டு, புது ஷூவோடு ஊருக்குப் போய்விட்டான்.

அப்பா அதன் பிறகு இருபது வருடம் ஓரவாயில் ஊதினார், முழுக்க முழுக்க சினிமாப் பாட்டு. அந்தத் தெருவில் வாசித்ததை மறுபடி வாசிக்கவே இல்லை. யாராவது அதைப் பற்றிக் கேட்டால் வெட்கப்படுவார். பல் விஷயம் தெரிந்தவர்கள் பாராட்டினால், "எனக்கு ஒரு குரு இருந்தான்பா. பாவம், கடைசி வரைக்கும் அவனுக்குப் பாட்டு வரல" என்பார். அந்த மனிதரை நேரில் பார்த்தால் மவுத் பீஸை இன்னும் கொஞ்சம் இடது பக்கம் வைக்கச் சொல்ல வேண்டும் என்பது அவருடைய ஆசை. வேடிக்கையாகச் சொல்லவில்லை.

கேசட்டுக்கு வீட்டில் வேலை முடிந்தது. மாஸ்டர் புதுப் பாட்டுகளைப் பழகப் பதிவு செய்ய வேண்டும் என்றபோது அப்பா அதைத்தான் கொடுத்தார். மேலே பதிவு செய்ய விடாமல் கேசட்டின் விளிம்பில் இருந்த ஓட்டையில் காகிதத்தை அடைத்து அதன் மேலேயே பதிவு செய்தார்கள். பாட்டெல்லாம் முடிந்த பிறகு, இரண்டாம் பக்கத்தின் கடைசியில் அந்த ட்ரம்பெட் கொஞ்சம் மிச்சம் இருந்தது. பிறகு வீடு மாறியதில் கேசட்டும் போனது, பல் இருந்த டப்பாவும் போனது.

நான் பதினேழு வயதில் ஊரை விட்டுக் கிளம்பினேன். திருப்பூரில் பனியன் தைத்தேன், யாத்திரை பஸ்களில் சமைத்தேன், கோவாவில் ஒரு மழைக்காலம் தங்கினேன். எங்கேயும் வேரூன்றவில்லை, அது என் குணம். சில வருடங்களுக்கு முன் கொச்சியில், வெளிநாட்டுக்காரர்கள் தங்குகிற ஒரு விடுதியின் சமையலறையில் இருந்தேன். அதன் முதலாளி வயதானவர், இசைத்தட்டு சேர்ப்பவர். ஒருநாள் தேங்காய் துருவிக்கொண்டிருந்தபோது கூடத்தில் ஒரு ட்ரம்பெட் ஏறியது. நூல் அறுந்தது. ஒரு மூச்சு சும்மா இருந்தது. யாரோ இருமினார்கள்.

துருவலை வைத்துவிட்டுக் கூடத்துக்குப் போனேன். எனக்குத் தெரிந்த அரைகுறை மலையாளத்தில் கேட்டேன், இவருக்குப் பல் எப்போது போனது என்று.

முதலாளிக்குப் புரியவில்லை. புரிந்ததும் சிரித்தார், கேலியாக இல்லை. இசைத்தட்டின் அட்டையை என்னிடம் கொடுத்தார். அதே படம்தான், ஆனால் பெரிதாக. எங்கள் கேசட்டில் படத்தைச் சிறிதாக்கி, முகத்தில் ஒரு பக்கம் போகும்படி வெட்டியிருந்தார்கள். இங்கே மவுத் பீஸ் வாயின் நடுவில்தான் இருந்தது. அட்டையைத் திருப்பினால் அதே மனிதர் கூட்டாளிகளோடு நின்று சிரித்துக்கொண்டிருந்தார். வாய் நிறையப் பல். பாட்டு வராமல் இல்லை, வேண்டாம் என்றுதான் இப்படி வாசிக்கிறார்கள், ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டு, அது கொண்டுபோகிற இடத்துக்குப் போவார்கள் என்று முதலாளி சொன்னார். போனில் அதைத் தேடி எடுத்தும் கொடுத்தார்.

அந்த வருடம் தீபாவளிக்கு ஊருக்குப் போனபோது அப்பாவிடம் சொன்னேன். அவர் ஊதுவதை நிறுத்தி நாளாகியிருந்தது. பல் ஒன்றுகூட மிச்சமில்லை, கட்டிய செட்டையும் வீட்டில் மாட்டுவதில்லை. போனில் போட்டேன். இருமல் வரும் இடத்தில், "எழுந்துப்பான் பாரு" என்றார். இடது உதட்டோரம் தானாக இழுத்துக்கொண்டது.

"அப்பா, அவருக்குப் பல்லெல்லாம் இருந்துதாம்பா. போட்டோ பாத்தேன்."

"கட்டுன பல்லா இருக்கும்."

"சொந்தப் பல்லுதான். சின்ன வயசு ஆளு."

"வாய் ஓரத்துல வெச்சிருந்தானே?"

"நடுவுலதான்பா. நம்ம படத்தத்தான் வெட்டியிருந்தாங்க."

உள்ளேயிருந்து அம்மா சொன்னார், "அப்போ கார் ஏத்துனவன் மேல நான் உட்ட சாபமெல்லாம் வீணா?"

அப்பா சிரிக்கவில்லை. தழும்பைக் கட்டைவிரலால் தடவிக்கொண்டிருந்தார்.

"பல்ல வெச்சிக்கினா அப்டி வாசிச்சான்?"

"ஆமாம்பா."

அப்பா தழும்பிலிருந்து கட்டைவிரலை எடுத்தார். "அப்போ அவனுக்கு வேற இன்னாவோ போயிருக்குது" என்றார்.

பிறகு கையை நீட்டினார். போனைக் கொடுத்தேன். முதலிலிருந்து வைக்கச் சொல்லி, காதோடு ஒட்டிப் பிடித்துக்கொண்டு, போனது என்ன என்று கேட்க ஆரம்பித்தார்.